லேடாங் மலையில் ஒரு மகள் மறுத்தல்: செஜாரா மெலாயுவைத் தமிழில் வாசித்தல்

ஜொகூர் மாநிலத்தின் வடமேற்கு எல்லையில், தங்காக் வட்டாரத்தில் 1,276 மீட்டர் உயர்ந்து நிற்பது குனோங் லேடாங். இம்மலையை ஐரோப்பியர் ஓப்பீர் மலை என வழங்கினர். சாலமன் மன்னனுக்குப் பொன் வந்து சேர்ந்த நாட்டின் பெயர் அது. ஓப்பீர் என்ற சொல்லைக் கேட்டதும் தமிழறிஞர் பலருக்குக் கால்டுவெல்லும், எபிரேய மொழியில் மயிலைக் குறிக்கும் ‘துகி’ தமிழ்த் ‘தோகை’யிலிருந்து சென்றது என்ற கருத்தும் நினைவுக்கு வரும். அவ்வளவோடு நாம் நின்றுவிடுகிறோம். நம் நாட்டிலேயே அப்பெயரைச் சுமந்து நிற்கும் மலையைப் பற்றி நம் திறனாய்வு பேசியது மிகக் குறைவு.

இக்குறைக்குக் காரணம் உண்டு. மலாய் இலக்கியத்தின் தலையாய நூலான செஜாரா மெலாயுவை மலேசியத் தமிழர் வாசிக்கும் முறை ஒருபக்கம் சாய்ந்தது. 2001ஆம் ஆண்டு யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்ற இந்நூலில் நாம் தேடிச் செல்வது அதன் தொடக்கப் பகுதியை மட்டுமே. கெலிங் நாட்டு மன்னன் பெரும்படையுடன் வருகிறான்; கங்கா நகரத்தை வெல்கிறான்; ஜொகூர் ஆற்றின் மேற்பகுதியில் கருங்கல் கோட்டையாக நின்ற கெலாங்கியை வீழ்த்துகிறான். மன்னர் பெயர்கள் பிரதிக்குப் பிரதி மாறினும், அவற்றில் சோழன் என்னும் சொல்லின் எதிரொலி கேட்பதை மறுப்பதற்கில்லை. இராசேந்திரனின் கடாரப் படையெடுப்பை இதனோடு பொருத்திக் காட்டுவதில் நமக்கு ஒரு நிறைவு ஏற்படுகிறது. 2005ஆம் ஆண்டு ஜொகூர்க் காட்டில் தொலைந்த நகரம் ஒன்று இருக்கலாம் என்ற செய்தி நாளேடுகளில் வெளியானபோது அந்நிறைவு உச்சத்தை எட்டியது. நகரம் உறுதிப்படவில்லை, ஆயினும் பெருமிதம் தங்கிவிட்டது.

அதே பகுதியைச் சற்று மேலே வாசித்தால் நம் பெருமிதத்துக்கு இடறலாக ஒரு நிகழ்ச்சி வருகிறது. சீனத்தை வெல்லப் புறப்பட்ட அம்மரபின் மன்னன் தெமாசிக்கில் தங்குகிறான். செய்தியறிந்த சீனப் பேரரசர் ஒரு கப்பலை அனுப்புகிறார். அதில் துருப்பிடித்த ஊசிகள், கனி தரும் மரங்கள், பல்போன கிழவர்கள். சீனம் எவ்வளவு தொலைவு என்று கேட்டால், நாங்கள் புறப்பட்டபோது சிறுவர்கள், இம்மரங்கள் அப்போது விதைகள், இவ்வூசிகள் அப்போது இரும்புத் தடிகள் என அவர்கள் விடையிறுக்கின்றனர். மன்னன் திரும்பிவிடுகிறான். படைவலியால் தடுக்க முடியாதவனை நூலாசிரியர் தொலைவைக் கொண்டு தடுத்து நிறுத்துகிறார். வெற்றியைப் பாடும் நூலே வெற்றியின் எல்லையையும் நகைச்சுவையோடு வரைந்து காட்டுகிறது. இந்த இரண்டாம் பகுதியை நம் மேடைகளில் யாரும் எடுத்துரைப்பதில்லை.

இதே உத்தி நூலின் பிற்பகுதியில், லேடாங் மலையில், மீண்டும் வருகிறது என்பதே இக்கட்டுரையின் கருத்து. அங்கு அது நகைச்சுவையாக முடியவில்லை.

சுல்தான் மாமுட் ஷா தம் துணைவியை இழந்தபின், மற்ற மன்னர்க்குக் கிட்டாத ஒருத்தியை மணக்க விரும்பி, லேடாங் மலை இளவரசியைப் பெண் கேட்க ஆளனுப்புகிறார். துன் மாமாட் வழி திருத்திச் செல்ல, ஹங் துவாவும் சாங் செத்தியாவும் உடன் செல்கின்றனர். மலையேற்றம் கடுமையாக வருணிக்கப்படுகிறது: செங்குத்தான வழி, எலும்பைத் துளைக்கும் குளிர், காற்றில் இசைக்கும் மூங்கில்கள், கைக்கெட்டும் தூரத்தில் முகில். மலாக்காவின் மாவீரனாகிய ஹங் துவா இப்போது முதியவர். அவரால் ஏற இயலவில்லை. துன் மாமாட் மட்டும் சிலரோடு மேலே சென்று, பூக்களும் பறவைகளும் பாட்டிசைக்கும் சோலையை அடைகிறார். அங்கே தாங் ராயா ராணி என்ற பெண்ணிடம் செய்தி சொல்கிறார். சிறிது நேரத்தில் கூனிய கிழவி ஒருத்தி விடையோடு வருகிறாள். இளவரசியே அவ்வுருவில் வந்தாள் என்று சொல்வோரும் உண்டு என நூல் குறிப்பிட்டு நகர்கிறது.

விடை நிபந்தனைகளாக அமைகிறது. மலாக்காவிலிருந்து மலைவரை ஒரு பொற்பாலம், ஒரு வெள்ளிப்பாலம். கொசுவின் நெஞ்சு ஏழு தட்டு. நுண்பூச்சியின் நெஞ்சு ஏழு தட்டு. இளம்பாக்கு நீர் ஒரு தாழி. கண்ணீர் ஒரு தாழி. மன்னனின் குருதி ஒரு கிண்ணம். மகன் ராஜா அகமதுவின் குருதி ஒரு கிண்ணம். ஏழு நிபந்தனைகள் என்றே பொதுவழக்கில் சொல்லப்படுகிறது. பள்ளிகளில் நாம் கற்பிப்பதும் அவ்வாறே. எண்ணிப் பார்த்தால் எட்டு வருகிறது. வழக்கில் விடுபடுவது பெரும்பாலும் மன்னனின் சொந்தக் குருதி. மக்கள் நாவில் கதை உருளும்போது எது உதிர்ந்துபோகிறது என்பதைத் தற்செயல் என்று கொள்ள எனக்கு மனமில்லை. எல்லாவற்றையும் தரலாம், குருதி மட்டும் தர இயலாது என்று மன்னர் சொல்ல, மணப்பேச்சு முடிவடைகிறது.

தமிழ் கற்றோர்க்கு இக்காட்சி புதிதன்று. புறநானூற்றின் 109, 110, 111ஆம் பாடல்களுக்கு நம் முன்னோர் வகுத்த துறை ‘மகண்மறுத்தல்’, திணை நொச்சி. பறம்பு மலையை மூவேந்தரும் முற்றியிருக்கின்றனர். பாரி மகளிரை அவர்கள் கேட்டு மறுக்கப்பட்டதே அம்முற்றுகைக்குக் காரணம் என்பது மரபு. கபிலர் வேந்தரை நோக்கிப் பேசுகிறார். உழவர் உழாமலே விளையும் நான்கு பொருள் அம்மலைக்கு உண்டென்றும், வாளாலும் யானையாலும் அதனைக் கொள்ள முடியாதென்றும், பாடியும் ஆடியும் இரந்து வந்தால் நாடும் மலையும் ஒருங்கே கிடைக்குமென்றும் எள்ளலோடு வழி சொல்கிறார்.

ஒப்பியல் ஆய்வில் கடன் வாங்கியவர் யார் என்று தேடும் ஆசை எளிதில் தலைதூக்கும். இங்கு அவ்வாசைக்கு இடமில்லை. புறநானூறு மலாக்காவுக்கு வந்ததென்று எவரும் கூறமுடியாது. இருவேறு மரபுகள் ஒரே நிலையைச் சந்தித்திருக்கின்றன: சமவெளியிலும் கடற்கரையிலும் ஓங்கிய அரசு, தன் ஆணை செல்லாத மலையைப் பெண்ணாக உருவகித்து அணுகுகிறது, மலை மறுக்கிறது. ஒற்றுமையைவிட வேற்றுமை கருதத்தக்கது. பறம்பில் மறுப்பவன் தந்தை, பேசுபவர் புலவர். மகளிர் குரல் மலை வீழ்ந்தபின்னரே கேட்கிறது. லேடாங்கில் மறுப்பவள் பெண்ணே. அவளுக்குத் தந்தையில்லை, படையில்லை, புலவனில்லை. பறம்பு ஈகையைத் தன் அரணாகக் கொண்டது. இரப்போர்க்குத் திறக்கும் கதவு வெல்வோர்க்கு மூடியிருந்தது. லேடாங் விலையைத் தன் அரணாகக் கொண்டது. எவ்வளவு தருவாய் என்று கேட்டு, கேட்பவனை அவன் குருதிவரை அழைத்துச் செல்கிறது.

இக்கதை எழுதப்பட்ட சூழலுக்கு வருவோம். ராஃபிள்ஸ் 18 எனப்படும் சுவடியின் முகவுரை 1612ஆம் ஆண்டைக் குறிக்கிறது. ஜொகூர் அரசவையில் பெண்டஹாரா துன் ஸ்ரீ லானாங் தொகுத்தார் என்பது மரபு. 1511இல் மலாக்காவைப் போர்த்துக்கீசியரிடம் இழந்த அரசமரபே ஜொகூரில் ஆண்டது. 1606இல் அது டச்சுக்காரருடன் உடன்படிக்கை செய்து மலாக்காவைத் தாக்கியும் மீட்க முடியவில்லை. 1613இல் ஆச்சே படை ஜொகூர்த் தலைநகரான பத்து சாவாரைச் சூறையாடியது. அதே 1613இல், எதிர்ப்பக்கமாகிய மலாக்காவில் அமர்ந்து மானுவல் கொடின்யோ டி எரேடியா தம் மலாக்கா விவரணத்தை எழுதி முடிக்கிறார். போர்த்துக்கீசியத் தந்தைக்கும் மக்காசார்த் தாய்க்கும் மலாக்காவில் பிறந்தவர். பொன்தீவுகளைத் தேடிக் கண்டறியும் உரிமை பெற்றவர். லேடாங் மலையை ‘குனோலேடாம்’ எனத் தம் நிலப்படத்தில் வரைந்த அவரும் இளவரசியைக் குறிப்பிடாமல் விடவில்லை.

ஓராண்டு இடைவெளியில், பகைமுகாம்கள் இரண்டிலிருந்து, ஒரே மலையைப் பற்றி இரு எழுத்துகள். எரேடியா அளக்கிறார், மலாக்காவின் நிலத்தை ஆறுகளால் எல்லையிட்டு மன்னருக்கு விவரம் தருகிறார். ஜொகூர் நூலோ, மலாக்காவைத் தாங்களே ஆண்ட காலத்தில்கூட அம்மலை தங்கள் மன்னருக்கு வசப்படவில்லை என்று ஒப்புக்கொள்கிறது. இழந்த நாட்டை நினைந்து எழுதும் அரசவை, ‘எல்லாம் எம்முடையதாயிருந்தது’ என்று எழுதியிருக்கலாம். அவ்வாறு எழுதவில்லை. இந்நூலை வெறும் அரசர் புகழ்மாலையாகக் கொள்வோர் இவ்விடத்தைக் கணக்கில் கொள்ளவேண்டும்.

பிந்திய வரலாற்றை விரைந்து கடக்கலாம். 1641இல் ஜொகூரின் துணையோடு மலாக்கா டச்சுக்காரர் கைக்குச் சென்றது. 1824 உடன்படிக்கையால் ஆங்கிலேயருக்கு மாறியது. ஆல்ஃபிரட் ரஸல் வாலஸ் 1854இல் மலாய்க்காரர் அறுவருடன் லேடாங்கில் ஏறினார். 1869இல் வெளியான அவர்தம் மலாய்த் தீவுக்கூட்டம் பற்றிய நூலில் அவ்வேற்றம் இடம்பெற்றுள்ளது. நீர் கிடைக்காமல் தவித்தபோது குடுவைச் செடிகளில் தேங்கியிருந்த, பூச்சிகள் மிதந்த நீரைக் குடித்ததாகவும் அது சுவையாகவே இருந்ததாகவும் அவர் எழுதுகிறார். அரிய பெரணிகளை வியக்கிறார். துன் மாமாட் கண்ட குளிரும் செங்குத்தும் இங்கும் உண்டு. ஆனால் பாடும் பூக்கள் இல்லை. அவருடைய மலையில் விடைசொல்ல யாருமில்லை. ஆகவே கேள்வியும் இல்லை. ஓராண்டு கழித்து, 1855இல், சுல்தான் அலி ஜொகூரைத் தெமெங்கோங்குக்கு விட்டுக்கொடுத்து, கெசாங்–மூவார் நிலத்தை மட்டும் தமக்கு வைத்துக்கொண்டார். 1877இல் அவர் மறைந்ததும் அதுவும் மகாராஜா அபு பாக்காரிடம் சேர்ந்தது. 1879இல் ஜெமெந்தாவில் அதன்பொருட்டுப் போர் மூண்டது. மலையை யாரும் கேட்கவில்லை, நிலத்தோடு சேர்ந்து கைமாறியது.

இவ்விடத்தில் ஒருவரை நினைவுகூர்தல் தகும். செஜாரா மெலாயுவைச் சிங்கப்பூரில் அச்சேற்றியவர் முன்ஷி அப்துல்லா. மலாக்காவில் பிறந்தவர், யேமனிலிருந்து நாகூர் வந்த அரபு முன்னோரின் வழியில் தமிழ்க்குருதி கலந்தவர், தமிழ் முறையாகப் பயின்றவர். இந்நூல் பொதுவாசகர் கைக்கு வந்ததில் தமிழறிந்த ஒருவரின் உழைப்பு இருந்தது. கெலாங்கிக் கோட்டையைத் தேடுவோர் இந்த உறவை ஏன் தேடுவதில்லை என்பது எனக்கு விளங்காத ஒன்று. தனிநாயக அடிகள் தமிழியற்கைப் பாடல்களைக் கிரேக்க, இலத்தீன் மரபுகளோடு ஒப்பிட்டுக் காட்டினார். பக்கத்திலேயே இருக்கும் மலாய் மரபோடு அப்பணியை நாம் போதுமான அளவு தொடரவில்லை.

2004இல் சாவ் தியோங் ஹின் இயக்கத்தில் வந்த திரைப்படம் இளவரசியை ஹங் துவாவின் காதலியாக்கியது. அழகிய படம் என்பதில் ஐயமில்லை. எனினும் காதலுக்காக மறுக்கும் பெண் நமக்கு எளிதில் புரிபவள். நூலின் இளவரசி எந்தக் காரணமும் சொல்வதில்லை. விலையை மட்டும் சொல்கிறாள். ஆசிரியர்கள் இக்கதையை வகுப்பில் எடுக்கும்போது மாணவர் இயல்பாகக் கேட்கும் வினா ‘ஏன் மறுத்தாள்?’ என்பது. அதைவிட ‘மன்னர் எங்கே நின்றார்?’ என்ற வினா அவர்களை நூலுக்குள் ஆழமாக இட்டுச்செல்லும்.

மன்னர் நின்ற இடம் மகனின் குருதி. கொசுவின் நெஞ்சை ஏழு தட்டு சேர்க்கலாம் என்று நம்பியவர், ஒரு கிண்ணக் குருதிக்கு மனம் வராமல் நின்றார். ஆனால் நூல் அத்தோடு முடியவில்லை. மலாக்கா வீழ்ந்தபின், ஓடித்திரிந்த நாள்களில், தாம் முன்னர் அரியணையில் அமர்த்திய அதே அகமதுவைச் சுல்தான் மாமுட் ஆளனுப்பிக் கொல்வித்தார் என்று செஜாரா மெலாயு பிற்பகுதியில் கூறுகிறது. லேடாங் மலையை அது அங்கே குறிப்பிடவில்லை.