கனவு நகரின் கலைச் சட்டம்

கனவிலே கட்டப்பட்ட நகரம் ஒன்று உண்டு. கல் இல்லை, சுண்ணாம்பு இல்லை, கொத்தன் இல்லை. ஆயினும் இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாகியும் அது இடிந்துவிடவில்லை! ஏதென்சு நகரத்துப் பேரறிஞன் பிளேட்டோ, தன் ‘குடியரசு’ என்னும் ஏட்டிலே, ஆசான் சாக்ரடீசின் வாய்மொழியாக எழுப்பிக் காட்டிய நகரம் அது. அங்கே அறிவுடையோர் ஆளுவர், வீரர் காப்பர், உழைப்போர் உழைப்பர். கவிஞனும் நடிகனும்? அவர்களுக்கென்று தனியே ஒரு சட்டம் உண்டு. அச்சட்டத்தை நாம் ஆராய்ந்தாக வேண்டும் தோழர்களே! ஏனெனில், அதனைத் தீட்டியவன் மூடன் அல்லன். அறிவை அரியணையில் அமர்த்த விரும்பியவன்.

சட்டம் சொல்வதென்ன? தேவர்கள் தமக்குள் சண்டையிட்டனர், மாற்றுருவில் வந்து மாந்தரை ஏய்த்தனர் என்று ஹோமரும் பிறரும் பாடிய கதைகள் இளைஞர் செவியில் விழலாகாது. செத்தபின் போகும் உலகைக் காட்டி அச்சமூட்டலாகாது. பெருவீரன் புரண்டு அழுவதாகப் பாடலாகாது.

படிக்கும் நம் இளைஞனுக்கு உள்ளம் துள்ளும். “நம் ஆள்! நாம் புராணத்தைப் பற்றிக் கேட்பதை, அன்றே கிரேக்கத்தில் கேட்டிருக்கிறான்!” என்பான். பொறுத்திரு நண்பனே, முடிவைப் பார்! எல்லா வேடமும் புனைய வல்ல கலைஞன் ஒருவன் அந்நகருக்கு வந்தால், அவனை வணங்கி, தலையிலே நறுந்தைலம் பூசி, வேற்றூருக்கு அனுப்பிவிட வேண்டுமாம். எஞ்சுவது எது? தெய்வத் துதியும், நல்லோர் புகழும்; அவ்வளவே. கட்டுக்கதையைக் களையப் புறப்பட்டவன், துதிப்பாட்டிலே போய் நின்றான்! தடையைத் துணைக்கழைத்த அறிவு, தன்னையறியாமல் வந்து சேரும் இடம் இதுதான்.

பிளேட்டோவின் அச்சம் ஒன்றே: மேடையில் காண்பதை மனம் பற்றிக்கொள்ளும், கண்டவன் அதுவாகவே ஆவான் என்பது. மெய்யா? எங்கள் மீஞ்சூரைச் சுற்றியுள்ள வட்டாரம் தெருக்கூத்து அறிந்த வட்டாரம். துச்சாதனன் சேலையைப் பற்றி இழுக்கிறான். விடிய விடிய விழித்திருந்து பார்த்த உழவன், விடிந்ததும் ஏரைத்தான் பிடிக்கிறானேயன்றி, எவள் சேலையையும் பிடிக்கவில்லை. கட்டியங்காரன் அரசன் முகத்தெதிரே நின்று அவனைக் கேலி செய்கிறான். ஊர் சிரிக்கிறது, சிந்திக்கிறது. ஓவியத்தை, விழித்திருப்போருக்காக மனிதன் ஆக்கித் தரும் கனவு என்று பிளேட்டோவே பிறிதோர் ஏட்டிலே கூறியுள்ளான். விழித்திருப்போருக்கு! கனவெனத் தெரிந்தே காண்கிறான் பாமரன். அவனைத் தூங்குகிறவன் என்று எண்ணுவதே கலையைத் தடுக்கும் சட்டங்கள் அனைத்தின் அடிப்படைப் பிழை.

கனவு நகரின் சட்டம் ஏட்டோடு நின்றது. நம் நாட்டிலோ அதன் தம்பிகள் நனவிலே ஆட்சி செய்தன. வேல்ஸ் இளவரசரின் வருகையை ஒட்டி எழுந்த கேலி நாடகம் கல்கத்தாவில் ஆட்சியாளரைச் சுட்டது. 1876இல் வைசிராய் நார்த்புரூக் அவசரச் சட்டம் பிறப்பித்தார். அவ்வாண்டே நாடக நிகழ்ச்சிகள் சட்டம் பிறந்தது. அந்த ஆட்சியிலேதான், விடுதலைப் பாட்டைப் பாடியதற்காக விசுவநாததாஸ் பலமுறை சிறை புகுந்தார். 1940 டிசம்பர் 31 அன்று, சென்னையில், முருகன் வேடத்தோடு மேடையிலேயே உயிர் நீத்தார்.

வெள்ளையன் போனான், சட்டம் போகவில்லை. 1954இல் நடிகவேள் எம்.ஆர். இராதாவின் இராமாயண நாடகம் பெரும் புயலைக் கிளப்பிற்று. அவ்வாண்டே சென்னை மாநிலம் தனக்கென ஒரு நாடகச் சட்டம் செய்துகொண்டது. மத உணர்வை வேண்டுமென்றே புண்படுத்துவது, ஆபாசமானது என்றெல்லாம் அரசு கருதும் நாடகத்தைத் தடுக்கலாம். நாடகத்தின் எழுத்துப் படியைக் கேட்டு வாங்கலாம். அன்றைய செய்தித்தாளைப் பார்த்து அன்றிரவே வசனத்தை மாற்றும் இராதாவுக்கு எழுத்துப் படியா? கட்டியங்காரனுக்குத்தான் எது எழுத்துப் படி?

இனி, நமக்குக் கசக்கும் ஓர் உண்மை. நாடக மேடையை ஏணியாகக் கொண்டு வளர்ந்த இயக்கம் 1967இல் கோட்டையில் அமர்ந்தது. அதன் பின்னரும் அந்தச் சட்டம் ஏட்டிலேயே இருந்தது! 59 ஆண்டுகளுக்குப் பின், 2013இல், எழுத்தாளரும் நாடகக்காரருமான ஞாநி தொடுத்த வழக்கிலே, சென்னை உயர்நீதிமன்றம்தான் அதன் முக்கியப் பிரிவுகள் செல்லா என்றது. ஏன் இந்தத் தாமதம்? எவர் கையில் இருந்தாலும் தடைச் சட்டம் கைக்கு இதமாகவே இருக்கும். அதுவே அதன் நஞ்சு. இன்று ஹோமரை வெட்டும் கத்தி, நாளை இராதாவை வெட்டும்.

பிளேட்டோவிடம் ஒரு பெருந்தன்மை இருந்தது, மறைக்கலாகாது. கவிதை நன்மை பயப்பதென்று அதன் அன்பர்கள் வாதாடி நிலைநாட்டினால், மகிழ்ந்து வரவேற்போம் என்று நகரின் கதவைத் திறந்தே வைத்தான். நம் சட்டங்களோ வாதத்தின் இடத்திலே காவல்துறையை நிறுத்தின.

ஆகவே தோழனே, சாதிப்பெருமை பேசும் படம் வந்ததும், மூடத்தனம் பரப்பும் நாடகம் வந்ததும், “தடை செய்!” என்று மனு எழுதத் துடிக்கிறதே உன் கை, அதைச் சற்றே தடுத்து நிறுத்து. அப்பொய்யைத் தோலுரித்துக் காட்டு. அதே ஊரில், அதே திடலில், அதைவிடச் சிறந்த நாடகம் ஒன்றை ஆடிக் காட்டு. பார்க்க வருவோர் விழித்திருப்போர். எது பொய், எது மெய் என்று தீர்ப்பளிக்க அவர்களுக்குத் தெரியும். மனு எழுதும் கையால் நாடகம் எழுது!