படிக்க மட்டும்

கணினி விளையாட்டு என்றாலே நம்ம ஆட்கள் முகம் சுளிப்பார்கள். முதலாளியக் கேளிக்கை, சின்னப் பசங்க சமாச்சாரம், அவ்வளவுதான். மிஞ்சிப்போனால் அதிலுள்ள வன்முறை பற்றி யாராவது ஒரு கட்டுரை எழுதுவார்கள். விளையாட்டின் அடியில் கிடக்கிற இன்னொரு பிரதியை யாரும் வாசிப்பதில்லை. அதற்குப் பெயர் கான்ஃபிக் ஃபைல். நோட்பேடில் திறந்தால் வெறும் எழுத்து: இந்தப் பக்கம் ஒரு பெயர், அந்தப் பக்கம் ஒரு எண். நிழல் எவ்வளவு தூரம் விழ வேண்டும், புல் எங்கே மறைய வேண்டும் என்பதெல்லாம் அந்த எண்களில் இருக்கிறது. மெனுவில் நமக்குக் காட்டப்படும் 'குறைவு', 'நடுத்தரம்', 'உயர்வு' ஆகியவை யாரோ முடித்துவைத்த தேர்வுகளுக்கு இட்ட பெயர்கள்.

2007 நவம்பரில் ஜெர்மனியின் கிரைடெக் நிறுவனம் உருவாக்கிய 'கிரைஸிஸ்' வெளியானது. அதன் 'மிக உயர்வு' காட்சித் தரம் டைரக்ட்எக்ஸ் 10க்கு உரியது என்றார்கள். டைரக்ட்எக்ஸ் 10 வேண்டுமென்றால் விண்டோஸ் விஸ்டா வேண்டும். விஸ்டா அந்த ஜனவரியில்தான் கடைக்கு வந்திருந்தது. எக்ஸ்பி வைத்திருந்தவர்களுக்கு அந்தத் தேர்வு கிடையாது. ஆட்டக்காரர்கள் ஃபைலைத் திறந்தார்கள். 'மிக உயர்வு'க்கான எண்களை எடுத்து 'உயர்வு' இருந்த இடத்தில் போட்டார்கள். இலைகளுக்கிடையே இறங்கும் வெயில் கதிர்கள் உட்பட அந்தக் காட்சிகளில் பெரும்பகுதி எக்ஸ்பியிலேயே வந்துவிட்டது.

இதைச் சதி என்று கூவத் தேவையில்லை. சாதாரண வியாபாரம்தான், சாதாரணமாக நடப்பதால்தான் கவனிக்கணும். 'இயலாது' என்பதையும் 'அனுமதியில்லை' என்பதையும் மெனு ஒரே மாதிரிதான் காட்டும். ஒரு தீர்மானம் இயற்கையின் வேஷத்தில் வந்து நிற்கிறது. ஃபைலைத் திறந்தவருக்கு வேஷம் கலைகிறது.

சில விளையாட்டுகள் ஒவ்வொரு முறை தொடங்கும்போதும் ஃபைலைத் தம் இஷ்டத்துக்குத் திருப்பி எழுதிவிடும். ஆட்டக்காரர் விடுவாரா? ஃபைலின் பண்புகளில் 'ரீட்-ஒன்லி' கட்டத்தில் ஒரு டிக். இனி விளையாட்டு அதைப் படிக்கலாம், எழுத முடியாது. ரொலான் பார்த்தைச் சொல்லி ஆசிரியன் செத்தான் என்று சிற்றிதழ்களில் எழுதி எழுதி ஓய்ந்தோம். இங்கே ஆசிரியன் சாகவில்லை. வாசகனாக உட்காரவைக்கப்படுகிறான்.

ஆனால் வாசக விடுதலை என்று கொண்டாடிவிட்டு எழுந்து போய்விட முடியாது. 2011இல் வந்த 'ஸ்கைரிம்' விளையாட்டில் ஒரு வரியை 1லிருந்து 0 ஆக்கினால் நொடிக்கு 60 ஃபிரேம் என்ற கட்டு அவிழும். ஆனால் அதன் பௌதிகக் கணக்கு அந்த 60ஐ நம்பி எழுதப்பட்டது. வேகம் மிகவும் கூடினால் மேஜைமேல் உள்ள பாத்திரங்கள் தானாகத் துள்ளிச் சிதறும். 'யூகிரிட்ஸ்டுலோட்' என்ற வரியை 5லிருந்து 7 ஆக்கினால் நம்மைச் சுற்றி ஏற்றப்படும் நிலக்கட்டங்கள் 25லிருந்து 49 ஆகும். தூரத்து ஊர் துலங்கும். அப்படிச் சேமித்த ஆட்டத்தை மறுபடி 5க்கு இறக்கித் திறந்தால் விளையாட்டே விழுந்துவிடக்கூடும். ஆக, எல்லாத் தடையும் பொய்யில்லை. சில தடைகள் பாரம் தாங்கும் சுவர்கள். எது பூட்டு, எது சுவர் என்பதைக் கோட்பாடு முன்கூட்டியே சொல்லாது. ஒரு எண்ணை மாற்று, ஓட்டிப் பார், அடுத்ததை மாற்று. நம் விமர்சனத்துக்கு இல்லாத பொறுமை இது. யாரோ தந்த ஃபைலை அப்படியே ஒட்டிக்கொள்வதும் இன்னொரு மெனுதான்.

'மேம்படுத்தல்' என்ற சொல்லையும் சும்மா விடக்கூடாது. 1999இல் வந்த 'குவேக் 3'இல் போட்டி ஆட்டக்காரர்கள் சுவர்களின் நுணுக்கத்தை வேண்டுமென்றே அழித்தார்கள். மழுங்கிய சுவரில் எதிரி பளிச்சென்று தெரிவான். பழைய கிராஃபிக்ஸ் கார்டு வைத்திருப்பவர் நிழலை அணைப்பது ரசனைக்காக இல்லை, விளையாட்டு ஓட வேண்டுமே என்பதற்காக. யாருக்கு அழகு, எதற்கு அழகு என்ற பழைய கேள்வி இங்கே எண்களில் கேட்கப்படுகிறது.

2019 நவம்பரில் கூகுள் தொடங்கிய 'ஸ்டேடியா' 2023 ஜனவரியில் மூடப்பட்டது. அதில் விளையாட்டு ஓடியது கூகுளின் கணினியில். நம் திரைக்கு வந்தது ஓடும் படம் மட்டும். ஃபைல் நம் கையில் இல்லை. ஸ்டேடியா போனாலும் அந்த ஏற்பாடு வேறு பெயர்களில் நடந்துகொண்டுதான் இருக்கிறது. சௌகரியம்தான், மறுக்கவில்லை: விலையுயர்ந்த கார்டு வாங்க முடியாதவருக்கும் படம் வருகிறது. ஆனால் மெனு 'முடியாது' என்றால், அது பூட்டா சுவரா என்று திறந்து பார்க்க வழியில்லை. டிக் போடும் இடம் அவர்கள் பக்கம் போய்விட்டது. படிக்க மட்டும் நாம்.