முன்னோடிகளின் வரலாறும் எழுதாதோரின் சாட்சியும்

முன்னோடிகளின் வரலாற்றைச் சொல்வோர் பலரும் யாத்திராகமத்தின் வடிவிலேயே அதைச் சொல்லுகின்றனர். அடிமைத்தன வீடு, வனாந்தரம், வாக்குத்தத்த நாடு என்னும் வரிசை அமெரிக்க மக்களின் நினைவில் ஆழப் பதிந்துள்ளது. அவ்வரிசையை எளிதில் ஏற்காதவர் என்பதாலேயே ஆவணப்படத் தயாரிப்பாளர் ரிக் பர்ன்ஸ் நமது கவனத்திற்குரியவராகிறார். 1990இல் தம் சகோதரர் கென் பர்ன்ஸோடு அமெரிக்க உள்நாட்டுப் போரைப் பற்றிய தொடரில் பணியாற்றிய இவர், பின்னர் 'டானர் குழு' (1992), 'மேற்கு நோக்கிய வழி' (1995), 'யாத்திரிகர்' (2015) ஆகியவற்றை அந்நாட்டுப் பொதுத் தொலைக்காட்சிக்கு அளித்தார்.

முதற்படம் தோல்வியின் வரலாறு. 1846இல் கலிபோர்னியாவை நோக்கிச் சென்ற 87 பேர் கொண்ட குழு, குறுக்குவழி ஒன்றை நம்பிக் காலம் தாழ்த்திச் சியரா நெவாடா மலையில் பனியில் சிக்கியது. மாண்டோரின் உடலைத் தின்று உயிர்தப்பியோரும் அவர்களுள் உண்டு. முன்னோடி என்றாலே வெற்றிவீரன் என்னும் எண்ணம் இங்கே உடைகிறது. இது பாராட்டுக்குரியது.

ஆயினும் இவரது முறையைக் குறித்து ஒரு கேள்வி எழுகிறது. நாட்குறிப்புகளும் கடிதங்களுமே இவருடைய படங்களுக்கு உயிர். பாட்ரிக் பிரீன் பனியிலிருந்து எழுதிய நாட்குறிப்பும், சிறுமி வர்ஜீனியா ரீடின் கடிதமும் நமது இருதயத்தைத் தொடுகின்றன. அக்குழுவினருக்காக உணவுப் பொருள்களோடு மலை கடந்து வந்த லூயிஸ், சால்வடோர் என்னும் இரு பூர்வகுடி இளைஞரோ எதையும் எழுதி வைக்கவில்லை. 1847 ஜனவரியில் அவர்கள் உணவுக்காகவே சுட்டுக் கொல்லப்பட்டனர். நல்ல சமாரியன், தான் காப்பாற்ற வந்தவர்களாலேயே மாண்டான். எழுத்தையே ஆதாரமாகக் கொள்ளும் கலை, எழுதியவனுக்கு உள்ளத்தையும் எழுதாதவனுக்கு வெறும் பெயரையுமே தரவல்லது.

'யாத்திரிகர்' இக்குறையை ஓரளவு நீக்குகிறது. 1620இல் மேபிளவர் கப்பலில் வந்த 102 பயணிகளில் ஏறக்குறையப் பாதிப்பேர் முதற் குளிர்காலத்திலேயே இறந்தனர். அவர்கள் குடியேறிய பிளைமவுத், சில ஆண்டுகளுக்கு முன் கொள்ளைநோயால் வெறுமையான பட்டுக்ஸெட் என்னும் ஊர். பூர்வகுடிகளின் வழித்தோன்றல்களும் இப்படத்தில் பேசுகின்றனர். எனினும் வில்லியம் பிராட்போர்டு நடிகரின் முகத்தோடு நம்முன் நின்று தம் கதையைச் சொல்ல, அவர்களோ விளக்கவுரையாளராகவே வருகின்றனர்.

இது திரைப்படக்காரருக்கு மட்டும் உரிய சோதனையன்று. யோசுவாவின் நூலைப் பிரசங்கிக்கும் நாமும், சபைகளை நிறுவினோரின் கடிதங்களைக்கொண்டு திருச்சபை வரலாறு கற்பிக்கும் நாமும் அதே இடத்தில் நிற்கிறோம். ஆபேல் எதையும் எழுதி வைக்கவில்லை; ஆனால் அவனுடைய இரத்தம் பூமியிலிருந்து கூப்பிடுவதைத் தேவன் கேட்டார். அக்குரலுக்குச் செவிகொடுத்த பின்னரே முன்னோடிகளுக்காக நாம் ஏறெடுக்கும் ஸ்தோத்திரம் உண்மையுள்ளதாயிருக்கும்.