மணிமேகலையில் மெய்கரத்தல்

பகைவர் கையினின்றும் ஒருவரைக் காத்தற்குக் காப்பியப் புலவர் கண்ட வழிகள் இரண்டு. ஒன்று கைவினைத் திறம். மற்றொன்று மந்திரத் திறம். சிந்தாமணியில் சச்சந்தன் அமைத்த மயிற்பொறி, விசயையை வான்வழியே கொண்டுசென்று சுடுகாட்டில் இறக்குகின்றது. அது கைவினையின்பாற்படும். மணிமேகலையிலோ இருவகைக் காவலும் உள. உவவனத்துப் பளிக்கறை கைவினை; வேற்றுருக் கொள்ளல், வான்வழிச் செல்லல், பசி தீர்தல் என்னும் மூன்றையும் தரும் மந்திரங்கள் தெய்வம் அளித்தவை. இவை வியப்புச் சுவைக்காகப் புகுத்தப்பட்டவை எனக் கூறி அமைவாரும் உளர். அக்கூற்றுப் பொருந்துமா என ஆராய்தல் ஈண்டு நம் கடன்.

முதற்கண் பளிக்கறையைக் காண்போம். உதயகுமரன் தேரொலி கேட்டவுடன் சுதமதி மணிமேகலையைப் பளிக்கறையுள் புகுத்துகின்றாள். அவ்வறை ஓசையைப் புறம்போக விடாது. உருவத்தையோ புறத்தே காட்டும். ஒளிப்பதற்குரிய இடத்திற்கு இஃது ஒவ்வாத இயல்பன்றோ? இளவரசன் அவளைக் காண்கின்றான். சுவரைக் கையால் தடவியும் வழி காணாது மீள்கின்றான். ஆயின், அவன் சென்றபின் மணிமேகலை, தன் நெஞ்சம் அவன்பின் போயிற்று எனச் சுதமதியிடம் உரைக்கின்றாள். பளிங்கு அவன் கையைத் தடுத்தது. அவள் நெஞ்சைத் தடுத்திலது. கைவினைக் காவலின் எல்லை இதுவெனச் சாத்தனார் குறிப்பாற் காட்டினார் எனலாம்.

அடுத்து வருவது மந்திரக் காவல். மணிபல்லவத்தினின்றும் மீண்ட மணிமேகலை, உலகவறவியில் உதயகுமரன் தன்னைத் தேடி வந்தபோது சம்பாபதி கோயிலினுட் புகுந்து காயசண்டிகை வடிவு கொள்கின்றாள். வான்வழிச் செல்லும் மந்திரம் இருந்தும் அவள் அகன்றிலள். கையில் அமுதசுரபி உண்டு, எதிரே பசித்தோர் உளர். அவ்வடிவிலேயே சிறைக்கோட்டம் புகுந்து உணவளித்து, அதனை அறக்கோட்டமாக்குகின்றாள். மந்திரம் பயன்பட்டது என்பதில் ஐயமில்லை.

எனினும் அதே வடிவு ஓர் உயிரைக் கொள்கின்றது. மனைவியைத் தேடி வந்த விஞ்சையன் காஞ்சனன், அவள் தன்னை விலகி உதயகுமரன்பால் சென்று உரையாடக் காண்கின்றான். அவள் உரைத்தது நரைமூதாட்டி ஒருத்தியைச் சுட்டி யாக்கை நிலையாமையை உணர்த்தும் அறவுரை. கணவன் கண்ணுக்கு அது காதலுரையாகத் தோன்றுகின்றது. பின்னர் நள்ளிரவில் அம்பலம் புகுந்த இளவரசன் அவன் வாளுக்கு இரையாகின்றான். மெய்யான அறம் பொய்யான வடிவினின்றும் புறப்படின் கேட்போர் உள்ளத்தில் எங்ஙனம் திரியும் என்பதற்கு இதனினும் கொடிய சான்று வேண்டுவதில்லை. உண்மைக் காயசண்டிகையோ முன்னரே பசி தீர்ந்து, விந்தமலைமேற் பறந்து சென்றபோது விந்தாகடிகையின் வயிற்றில் அடங்கியவள். இல்லாத மனைவியின்பொருட்டுச் செய்யப்பட்ட கொலை அது. இவ்வுண்மைகளைக் கந்திற்பாவை உரைக்கின்றது. மாந்தர் கண்ணை மறைத்த மந்திரம் வினையின் கண்ணை மறைத்திலது.

ஆயின், மணிமேகலை இக்கொலைக்குப் பொறுப்புடையளோ? சாத்தனார் அவளைக் குற்றஞ்சாட்டவில்லை. அவள் அழுகையை மறைக்கவும் இல்லை. உதயகுமரன் முற்பிறப்பில் தன் கணவன் இராகுலன் என அறிந்தவள் ஆதலின், அவள் துயர் இருமடங்காகின்றது. தீங்கு நினையாதார் மேற்கொண்ட மறைப்பும் தீங்கிற்கு வழியாகும் என்னும் இடர்ப்பாட்டைப் புலவர் எளிதில் தீர்த்துவிடாது நம்முன் நிறுத்துகின்றார்.

சிறையில் அவள் ஆணுருக் கொண்டு பிழைத்தமை இக்கருத்துக்கு மாறாகாதோ எனின், ஆகாது. இராசமாதேவி ஏவிய இளைஞனிடமிருந்து வேற்றுருவும், பட்டினியிலிருந்து பசி தீர்க்கும் மந்திரமும் அவளைக் காத்தன. ஆனால் தேவியை மாற்றியவை அவை அல்ல. வான்வழியே அகலும் ஆற்றல் இருந்தும், தேவியின் துயரும் தீவினையும் களையவே தான் தங்கியதாக மணிமேகலை வெளிப்படையாகக் கூறுகின்றாள். மறைத்ததை எடுத்துரைத்தபோதே பகை தீர்ந்தது.

இறுதியாக, வஞ்சியில் மாதவன் வடிவில் சமயக் கணக்கர்தம் திறம் கேட்கின்றாள். பின்னர் அறவண அடிகள்முன், தான் பூண்ட அவ்வேற்றுருவைப் போன்றே கேட்ட சமயங்களையும் உள்ளத்துக் கொண்டிலள் எனக் கூறி, மெய்ப்பொருளை வேண்டுகின்றாள். வேற்றுருவும் பொருந்தாக் கொள்கையும் ஒருநிலைப்படுத்தப்படும் இவ்விடமே நம் ஆய்வுக்கு முடிவு தருவது. அறையில் மறைந்தவள், வடிவில் மறைந்தவள், ஈண்டு மறைப்பே வேண்டாதவளாகின்றாள்.

ஆகவே, மணிமேகலையின் மந்திரங்கள் வியப்புக்கெனச் சேர்த்த அணிகலன்கள் அல்ல. மெய் என்னும் சொல் உடம்பையும் உண்மையையும் உணர்த்தும். உடம்பை ஒளித்துக் காத்தலினின்றும் உண்மையை உணர்ந்து காத்தல் நோக்கிச் செல்லும் வழியே இக்காப்பியத்தின் கதைப்போக்கு என்க.