காரணம் கூறாத தண்டனை

“உங்கள் கணக்கு இடைநிறுத்தப்பட்டுள்ளது.” இணையவழியில் பலர் கூடி ஆடும் ஆட்டங்களில் ஈடுபடும் இளைஞன், தன் கைத்தொலைபேசியில் ஒருநாள் காண நேரும் அறிவித்தலின் சாரம் இதுவே. இலக்கணம் கற்பிக்கும் ஆசிரியர்கள் இவ்வாக்கியத்தைச் சற்று ஊன்றி நோக்குவார்களாக. இது செயப்பாட்டு வினை. இத்தகைய தொடரில் வினைமுதல் ‘ஆல்’ உருபேற்று வருதல் மரபு. கம்பனால் இராமாயணம் பாடப்பட்டது என்கிறோம். இங்கோ ‘ஆல்’ இல்லை. யாரால் நிறுத்தப்பட்டது, எச்செயலுக்காக நிறுத்தப்பட்டது, எச்சான்றைக் கொண்டு நிறுத்தப்பட்டது என்னும் மூன்று வினாக்களுக்கும் வாக்கியம் வாய் திறப்பதில்லை. ‘சேவை நிபந்தனைகளை மீறியமையால்’ என்றொரு தொடர் சில வேளைகளில் உடன் வரும். எந்த நிபந்தனை என்று கேட்டால், பல பக்கங்களுக்கு நீளும் உடன்படிக்கை முழுவதுமே விடையாகச் சுட்டப்படும்.

கவிதையின் ஓரடியில் ஒரு சொல் மிகையா, குறையா என்று பக்கம் பக்கமாக எழுதும் நாம், இவ்வுரைநடையைக் கண்டும் காணாது செல்வது பொருந்தாது. வலியவன் எளியவனோடு எம்மொழியில் பேசுகின்றான் என்பதை ஆராய்வது முற்போக்கு விமரிசனத்தின் கடமை எனில், இம்மொழியும் அந்த ஆராய்ச்சிக்குள் அடங்க வேண்டியதே. வன்னிப் பெருநிலப்பரப்பின் மாணவன் ஒருவனுக்கும் உலகளாவிய மூலதனத்திற்கும் இடையே நேரடியாக நிகழும் உரையாடல் இதனினும் வேறு அதிகம் இல்லை.

கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் யுத்தகாலத் தலைமுறையொன்று ஜாம் போத்தல் விளக்கொளியில் படித்து வளர்ந்தது. மின்சாரமும் இணையமும் அங்குப் பரவலாகியது 2009 இன் பின்னரே. அத்தலைமுறையின் பிள்ளைகள் இன்று குளக்கட்டிலும் மதகடியிலும் அமர்ந்து பப்ஜி மொபைலும் ஃப்ரீ ஃபயரும் ஆடுகின்றனர். முன்னதன் பின்னே சீனத்து டென்சென்ட்டும் தென்கொரியாவின் கிராஃப்டனும், பின்னதன் பின்னே சிங்கப்பூரின் சீ குழுமத்தைச் சேர்ந்த கரீனாவும் நிற்கின்றன. யுத்தம் தின்ற மண்ணின் பிள்ளைகள் துப்பாக்கி ஏந்தும் ஆட்டத்தை நாடுவதன் பொருள் யாது என்பது தனியே எழுத வேண்டிய விடயம். இங்கு அதனுள் புகவில்லை.

இவை இலவச ஆட்டங்கள் என்பர். ஆடுவதற்குக் காசு இல்லை என்பது மெய். உடைக்கும் ஆயுத அலங்காரத்திற்குமே காசு. ஆனால் பப்ஜியின் முதன்மை ஆட்டவகை 100 பேருக்கும் ஃப்ரீ ஃபயரினது 50 பேருக்கும் என அமைந்தது. காசு கொடுத்து அலங்காரம் வாங்கியவன் அதனைக் காட்டுவதற்கும், வென்று மகிழ்வதற்கும் எதிரே ஆட்கள் வேண்டும். அவ்வாட்களைக் கம்பனி கூலியின்றிப் பெறுகின்றது. காசில்லாத பையன் தன் பொழுதைக் கொடுத்துச் சந்தையை நிரப்புகின்றான். ஆண்டுக்கணக்கில் அவன் ஈட்டிய தரமும் அணிகலனும் உடன்படிக்கையின்படி அவனுடைய உடைமை அல்ல. பாவிப்பதற்கு அளிக்கப்பட்ட அனுமதி மாத்திரமே.

அனுமதி என்ற சொல் வன்னி மக்களுக்குப் புதியதன்று. இரணைமடுக் குளத்தின் கீழ்க் குடியேறியோர் முதலாகப் பல குடும்பங்கள் அனுமதிப்பத்திரக் காணியிலேயே வயல் செய்தனர். அப்பத்திரங்களுக்கு மூலமான காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டம் 1935இல் குடியேற்ற ஆட்சிக் காலத்தில் இயற்றப்பட்டது. குடியானவனிடம் பெரிய கருணை கொண்ட ஆட்சி என்று அதனை எவரும் சொல்லார். ஆயினும் நிபந்தனை மீறப்பட்டதென்று பத்திரத்தை இரத்துச் செய்வதற்கு முன் உரியவனுக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும், அவன் காரணம் காட்ட இடமளித்து விசாரிக்க வேண்டும், முடிவு பாதகமானால் காணி ஆணையாளரிடம் மேன்முறையீடு செய்யலாம் என்று அச்சட்டம் விதித்தது. வெள்ளைக்காரன் காலத்துக் கட்டளைச் சட்டம் ஓர் ஏழைக் குடியானவனுக்கு எழுத்தளவிலேனும் வழங்கிய மரியாதையை, இருபத்தோராம் நூற்றாண்டின் உடன்படிக்கை அவன் பேரனுக்கு வழங்கவில்லை.

தண்டனைகள் பலதரத்தன. சில மணித்தியாலம் விலக்கி வைப்பதும் உண்டு. என்றைக்கும் மீளாத தடையும் உண்டு. மோசடி நிரல் பாவித்தோருக்குப் பப்ஜி மொபைல் விதித்துவந்த தடை 10 ஆண்டு. பதினாறு வயதில் அதனைப் பெறுபவன் இருபத்தாறு வயதில் விடுதலையாவான்! கணக்கைத் தடுப்பதோடு நில்லாது கருவியையே தடுப்பதும் வழக்கிலுள்ளது. அப்படித் தடுக்கப்பட்ட கைத்தொலைபேசி கைமாறினால் தடையும் கூடவே கைமாறும். புதிய தொலைபேசி வாங்க வசதியற்ற வீடுகளில் பழையதை வாங்குவதும், அண்ணன் வைத்திருந்தது தம்பிக்கு வருவதும் இயல்பு. முன்னொருவன் செய்த குற்றத்தை விலையோடு சேர்த்து வாங்கியதை அறியாமலே ஒரு பிள்ளை குற்றவாளியாகின்றது.

இன்னொன்றையும் நோக்குக. ஆட்டத்தின் நடுவே அடிக்கடி விலகுபவனைப் பல ஆட்டங்கள் நன்னடத்தைப் புள்ளி குறைத்துத் தண்டிக்கின்றன. மீளமீள நிகழ்ந்தால் சில காலம் ஆடவே விடுவதில்லை. தன் அணியைக் கைவிட்டு ஓடுபவனைத் தண்டிப்பது நியாயமே. ஆனால் ஒட்டுசுட்டானுக்கு உள்ளேயோ துணுக்காய்ப் பக்கமோ இருக்கும் கிராமமொன்றில் தொடர்பு அறுந்துபோனவன் ஓடியவனா? நாளொன்றுக்கு மின்வெட்டு 13 மணித்தியாலம் வரை நீண்ட 2022 மார்ச் இறுதியில், நாடு முழுவதிலும் எத்தனை பேர் இவ்வாறு ‘ஓடியவர்’ ஆகியிருப்பர்? கோபுரத்தின் குறையும் மின்சாரத்தின் குறையும் பையனின் ஒழுக்கக் குறையாகப் பதியப்படுகின்றன. இடத்தின் வறுமையை ஆளின் குணமாக எழுதிக்கொள்ளும் இக்கணக்கு நமக்கு வேறு துறைகளிலும் பழக்கமானது. பின்தங்கிய பாடசாலைப் பிள்ளையின் பரீட்சைப் பெறுபேற்றைக் கண்டு ‘மொக்கு’ என்று முடிவு கட்டுவோர் செய்வதும் இதனையே.

வங்கி அட்டை இல்லாத பிள்ளைகள் ஃப்ரீ ஃபயரின் வைரங்களையோ பப்ஜியின் யூசியையோ இடைத்தரகர் ஒருவரிடம் காசு கொடுத்து வாங்குவதும் உண்டு. தரகர் திருட்டு அட்டையால் அவற்றை வாங்கியிருந்தால், பின்னர் வங்கி பணத்தை மீட்டுக்கொள்ள, கணக்கு முடக்கப்படும். காசும் போகும், கணக்கும் போகும், தரகர் மட்டும் அடுத்த வாடிக்கையாளரைத் தேடிச் செல்வார்.

எனினும் தடையே கூடாதென்று வாதிடுவது நம் நோக்கமன்று. மோசடி மெய்யாகவே நடைபெறுகின்றது. தானே குறிபார்த்துச் சுடும் நிரலையும் சுவருக்கு அப்பால் நிற்பவனைக் காட்டும் நிரலையும் விலைக்கு வாங்கிப் பாவிப்பவன், உண்மையாக ஆடும் தொண்ணூற்றொன்பது பேரின் பொழுதைத் திருடுகின்றான். அந்நிரல்களை விற்பதே ஒரு பெருவணிகம். 2021 மார்ச்சில் சீனத்துப் பொலிசார் டென்சென்ட்டின் உதவியோடு ஒரு கும்பலைப் பிடித்தபோது, அதன் வருமானம் ஏறத்தாழ 7 கோடி 60 லட்சம் அமெரிக்க டொலர் என்று செய்திகள் கூறின. இத்தகையோரை விலக்காத ஆட்டம் ஆட்டமாகாது. ஆகவே தண்டனை வேண்டுமா என்பதன்று வினா. தண்டிக்கப்படுபவன் எதற்காக என்று அறிய உரிமை உள்ளவனா என்பதே வினா.

கம்பனிகளின் மறுமொழி அற்பமானதன்று. எவ்வாறு பிடித்தோம் என்று சொன்னால் அடுத்தமுறை தப்பும் வழியை மோசடிக்காரனுக்கு நாமே கற்பித்தவராவோம் என்கின்றனர். கண்டறியும் பொறியின் உள்வேலையை மறைப்பதற்கு இது போதிய நியாயம். எந்த நாளில், எந்த ஆட்டத்தில், எவ்வகைக் குற்றம் என்பதை மறைப்பதற்கு இது நியாயமாகாது. பொறி தவறாதென்றால் கூடப் பொறுத்துக்கொள்ளலாம். பொறி தவறியிருக்கின்றது. அமெரிக்காவின் வால்வ் நிறுவனத்தின் மோசடித் தடுப்புப் பொறி வழங்கும் தடை நிரந்தரமானது, பேச்சுவார்த்தைக்கு அப்பாற்பட்டது என்பது அந்நிறுவனத்தின் கொள்கை. அதே பொறி 2010 ஜூலையில் ‘மொடர்ன் வோர்ஃபேர் 2’ ஆடிய சுமார் 12,000 நிரபராதிகளைத் தடைசெய்தது. நிறுவனத் தலைவர் கேப் நியூவெல் மன்னிப்புக் கேட்டு, பாதிக்கப்பட்டோருக்கு வேறோர் ஆட்டத்தை இலவசமாக வழங்கினார். 2023 ஒக்டோபரில் ஏ.எம்.டி. நிறுவனம் தன் காட்சி அட்டைகளுக்கு வெளியிட்ட புதிய வசதியொன்றை இயக்கியவர்கள் ‘கவுண்டர் ஸ்டிரைக் 2’ ஆட்டத்தில் மோசடிக்காரராகக் கருதப்பட்டனர். அவ்வசதி மீளப்பெறப்பட்டது, தடைகளும் நீக்கப்பட்டன. இவையெல்லாம் ஆயிரக்கணக்கானோர் ஒருங்கே பாதிக்கப்பட்ட சம்பவங்கள். மாங்குளத்தில் ஒரு பையன் தனியே பாதிக்கப்பட்டால் அவன் பொருட்டு எந்தத் தலைவர் மடல் வரைவார்?

வேறு வழி இல்லை என்பதும் உண்மையன்று. ‘லீக் ஒஃப் லெஜண்ட்ஸ்’ என்னும் ஆட்டத்தில் 2011இல் நியாயசபை என்றோர் அமைப்பு ஏற்பட்டது. சக ஆட்டக்காரரைத் தூற்றியவர், வேண்டுமென்றே தோற்றவர் முதலியோரின் வழக்குகளை ஆட்டக்காரர்களே வாசித்துத் தண்டிப்பதா மன்னிப்பதா என்று வாக்களித்தனர். 2014இல் அது மூடப்பட்டது. 2013இல் வால்வ் நிறுவனமும் ‘கவுண்டர் ஸ்டிரைக்’கில் இதையொத்த ஏற்பாட்டைச் செய்தது. சந்தேகத்துக்குரியவனின் பெயரை மறைத்து, அவன் ஆடிய ஆட்டத்தின் பதிவை அனுபவமுள்ள பிற ஆட்டக்காரருக்குக் காட்டித் தீர்ப்புக் கேட்டனர். முகமறியா மூன்றாமவருக்குக் காட்டத்தக்க சான்றைக் குற்றஞ்சாட்டப்பட்டவனுக்கு மட்டும் காட்டலாகாது என்பதற்கு என்ன தர்க்கம் இருக்கின்றது? நியாயத்திற்குச் செலவாகும் மனித உழைப்பு மிச்சப்படுகின்றது என்பதன்றி வேறு தர்க்கம் நமக்குத் தெரியவில்லை.

அதிகாரம் மோசடியோடு நின்றுவிடுவதுமில்லை. 2019 ஒக்டோபரில் ஹொங்கொங்கைச் சேர்ந்த பிலிட்ஸ்சுங் என்னும் ஆட்டக்காரர், ‘ஹார்த்ஸ்டோன்’ போட்டியொன்றின் பின் நேர்காணலில் தம் நகர மக்களின் போராட்டத்துக்கு ஆதரவாகக் குரல் எழுப்பினார். பிலிசார்ட் நிறுவனம் அவரை ஓராண்டு விலக்கிப் பரிசுப் பணத்தையும் பறித்தது. உலகெங்கும் எதிர்ப்புக் கிளம்பிய பின் தண்டனை ஆறு மாதமாகக் குறைந்தது, பணமும் திரும்பியது. ஏமாற்றியவனை விலக்குவதற்கென்று நாம் மனமுவந்து ஒப்புக்கொண்ட அதே கத்தி, பேசியவன் மீதும் பாய்ந்ததை மறக்கலாகாது.

இவ்விடத்தில் நம் ஆசிரியர் சிலரோடு நாம் வழக்காட வேண்டியுள்ளது. மாணவனின் கணக்குத் தடைப்பட்டதென்று கேட்டதும், ‘நல்லதாய்ப் போச்சு, இனியாவது புத்தகத்தை எடுப்பான்’ என்று மகிழ்வோர் உளர். அவர்களது கவலை நமக்கு விளங்காததன்று. இரவு இரண்டு மணிவரை ஆடிவிட்டு வகுப்பில் உறங்கும் பிள்ளையை நாமும் கண்டிருக்கிறோம். ஆனால் வெறுக்கும் பொருளுக்கு விழும் தண்டனை என்பதால் அதன் முறையைக் கேளாது விடுவது ஆபத்தான பழக்கம். 2019 மார்ச்சில் இந்தியாவின் ராஜ்கோட் நகரில் பப்ஜி ஆடியமைக்காக மாணவர்களைப் பொலிசார் கைதுசெய்தபோதும் பெற்றோர் பலர் மகிழ்ந்திருக்கக்கூடும்! வவுனியாவில் நுழையவும் தங்கவும் ‘பாஸ்’ வேண்டி மக்கள் வரிசையில் நின்ற காலம் நம் நினைவிலிருந்து நீங்கவில்லை. மறுக்கப்பட்டவனுக்குக் காரணம் கூறப்படவில்லை. 2002இல் உயர் நீதிமன்றம் அம்முறை சட்டத்துக்குப் புறம்பானது எனத் தீர்த்தது. ஆட்டக் கணக்கையும் மனிதனின் நடமாட்டத்தையும் நாம் ஒரே தராசில் வைக்கவில்லை. வைப்பது அவ்வரிசையில் நின்றோரை அவமதிப்பதாகும். காரணம் கேட்கும் பழக்கம் சிறிய விடயங்களில் மழுங்கினால் பெரிய விடயங்களில் கூர்மையாக இராது என்றே சொல்கிறோம்.

சட்டத்தின் பக்கம் சில அசைவுகள் தெரிகின்றன. 2024 பெப்ரவரி 17 முதல் முழுமையாக நடைமுறைக்கு வந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் எண்ணிமச் சேவைகள் சட்டம், பயனரின் உள்ளடக்கம் காரணமாகக் கணக்கை நிறுத்தும் தளம் தெளிவான காரணத்தை அவருக்கு எழுத்தில் தர வேண்டும் என்கின்றது. மோசடிக் குற்றச்சாட்டுக்கு அது எவ்வளவு தூரம் பொருந்தும் என்பது சட்டவறிஞர் வாதிட வேண்டியது. இலங்கையில் 2024இல் வந்த நிகழ்நிலைக் காப்புச் சட்டத்தின் கண் மக்கள் எதைப் பேசுகிறார்கள் என்பதிலேயே இருந்தது. கம்பனியின் முன் நிற்கும் பயனரை அது ஏறிட்டும் பார்க்கவில்லை. மாறாக, 2022ஆம் ஆண்டின் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டத்தில் ஒரு பிரிவு உள்ளது. முற்றிலும் தன்னியக்கமாக எடுக்கப்பட்டு, ஒருவரின் உரிமையில் மீளாத தாக்கம் விளைக்கும் முடிவை மீளாய்வு செய்யுமாறு கோரும் உரிமையை அது வழங்குகின்றது. அச்சட்டத்தின் முக்கிய பகுதிகள் 2025 மார்ச்சில் செயற்பட வேண்டியிருந்தன. அத்திகதி பின்னர் கைவிடப்பட்டது.

அதுவரை மாணவனுக்கு எஞ்சியுள்ள கருவி மேன்முறையீட்டுக் கடிதமே. கடிதம் எழுதுதலை நாம் வகுப்பில் கற்பிக்கிறோம். தபாலதிபருக்கும் பிரதேச செயலாளருக்கும் கற்பனைக் கடிதங்கள் எழுதுவிக்கிறோம். இக்கடிதத்தையும் எழுதுவித்தால் என்ன? கணக்கின் இலக்கம், தடை விழுந்த நாளும் நேரமும், கடைசியாக ஆடிய ஆட்டம், தொலைபேசி புதிதா பழையதா, பழையதாயின் எப்போது வாங்கியது, அன்று மின்சாரமோ தொடர்போ அறுந்ததா, வைரம் வாங்கிய பற்றுச்சீட்டு உண்டா என்பன ஒழுங்காக வரவேண்டும். எந்த நிபந்தனை, எந்த ஆட்டத்தில் மீறப்பட்டது என்று இறுதியில் நேரே கேட்க வேண்டும். பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுத வேண்டியிருக்கும். ஆங்கில ஆசிரியருக்கு இதனினும் உயிருள்ள பாடம் கிடைப்பது அரிது.