முற்றத்துக்கு வந்த போர்: குடாநாட்டுக் கரையோர வாழ்வும் ஈழத்து எழுத்தும்

போர்க்கால இலக்கியம் என்றவுடன் களமும் வீரரும் வீழ்ச்சியுமே எமது நினைவுக்கு வருகின்றன. ஆயின் போரின் நீளத்தை உள்ளபடி அறிந்தவர்கள் வீட்டில் எஞ்சியிருந்தோரே. அரிசிப் பானையையும் விளக்கையும் வாசற்படலையையும் பார்த்துப் பார்த்து நாள்களை எண்ணியவர்கள் அவர்கள். யாழ்ப்பாணக் குடாநாட்டில் 1980களின் நடுப்பகுதி தொடக்கம் 2009 வரை இவ்வாறு எஞ்சியிருந்தோரின் வாழ்வு எமது எழுத்தில் எவ்வாறு பதிவாகியுள்ளது, அதில் யாருடைய வீடு பேசப்பட்டது, யாருடையது பேசப்படாது போயிற்று என்பனவற்றை நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். குடாநாடு முப்புறமும் கடலும் பரவைக்கடலும் சூழ்ந்த நிலமாதலால் போர் முதலில் தொட்டது கரையையே. எனவே கரையோர வாழ்வு இவ்வாய்வில் உரைகல்லாகக் கொள்ளப்படுகிறது.

இவ்விடயத்தில் எமது மரபு தரும் அளவுகோல்களை முதலில் கருதுதல் வேண்டும். தலைவன் வினைமேற் செல்லத் தலைவி இல்லத்தில் ஆற்றியிருத்தல் முல்லை. கடற்கரையில் இரங்குதல் நெய்தல். தொல்காப்பியர் அகத்திணை ஒவ்வொன்றுக்கும் ஒரு புறத்திணையை இணையாக வைக்கும்போது நெய்தலுக்குத் தும்பையை வைத்தார். எதிரெதிர் நின்று பொரும் போர் அது. இரங்கலும் பெரும்போரும் ஒரே நிலத்தின் அகமும் புறமுமாக இலக்கணத்தில் அமைந்தன. எனினும் செய்யுளில் அவை கலப்பதில்லை. முல்லைப்பாட்டில் அரசி அரண்மனையிலும் அரசன் பாசறையிலும் இருக்கின்றனர். இடையே தொலைவு உண்டு. அத்தொலைவே காத்திருத்தலுக்குப் பொருள் தருகிறது.

குடாநாட்டுப் போர் அழித்தவற்றுள் முதலாவது இத்தொலைவாகும். 1987 மே மாத இறுதியில் வடமராட்சியில் இராணுவ நடவடிக்கை தொடங்கியபோது மக்கள் கோயில்களில் ஒதுங்கினர். இளைஞர் பலர் கப்பலேற்றித் தென்னிலங்கையின் பூசா முகாமுக்குக் கொண்டு செல்லப்பட்டனர். 1990 ஜூனில் மீண்டும் போர் மூண்டபோது பலாலி, மயிலிட்டி, காங்கேசன்துறைப் பகுதி மக்கள் உடுத்த உடையோடு வெளியேறினர். களத்துக்குச் சென்றவன் வீட்டை நினைத்து ஏங்க, வீடோ களமாகிப்போயிருந்தது. ‘ஆற்றியிருத்தல்’ என்ற பழைய உரிப்பொருளுக்கு இருப்பதற்கான இல்லமே இல்லாது போயிற்று. பழைய திணைக் கருவிகளைக் கொண்டு இவ்வனுபவத்தைப் பாட முயன்ற கவிதைகள் பலவற்றில் ஓசை மிகுந்து உண்மை குறைந்தமைக்கு இதுவே அடிப்படைக் காரணம் எனலாம்.

1990 முதல் ஐந்தாண்டுக் காலம் மின்சாரமற்ற, பொருளாதாரத் தடைக்குட்பட்ட காலமாகும். மண்ணெண்ணெய், பெற்றோல், சீமெந்து, உரம், மின்கலம், சவர்க்காரம் முதலான பொருள்கள் தடுக்கப்பட்டன அல்லது மட்டுப்படுத்தப்பட்டன. மக்கள் கண்ட மாற்று வழிகள் பலவாம். ஜாம் போத்தலின் அடியில் பஞ்சு வைத்துச் சிறிதளவு மண்ணெண்ணெய் விட்டுத் திரியேற்றிய சிக்கன விளக்கில் மாணவர் பரீட்சைக்குப் படித்தனர். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி மிதியைக் கையால் சுழற்றி, டைனமோவின் மின்னில் வானொலிச் செய்தி கேட்டனர். சில துளி பெற்றோலில் உயிர்ப்பிக்கப்பட்ட மோட்டார் வாகனங்கள் மண்ணெண்ணெயில் ஓடின. துணி வெளுக்கப் பனம்பழம் மீண்டும் பயன்பட்டது. பனங்குற்றிகளும் தண்டவாளச் சிலிப்பர் கட்டைகளும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின. நாளிதழ்கள் கோடிட்ட அப்பியாசக் கொப்பித் தாள்களில் அச்சாயின.

இப்பொருளுலகம் இலக்கியத்துக்கு வாய்த்த அரிய கொடை. ஒரு திரி எத்தனை மணி நேரம் எரியலாம் என்று தாய் கணக்கிடும் கணத்தில் அரசியல், பொருளியல், குடும்ப உறவு ஆகிய யாவும் அடங்கியுள்ளன. அக்காலச் சிறுகதைகளுள் நின்று நிலைத்தவை இத்தகைய கணக்குகளை அறிந்தவையே. அறியாதவை ‘பதுங்குகுழி’ என்ற சொல்லைக் குறியீடாக்கிவிட்டு அக்குழிக்குள் மழைநீர் நின்றதையும், பாம்புக்கு அஞ்சிப் பிள்ளைகள் இறங்க மறுத்ததையும் மறந்தன.

வீட்டில் எஞ்சியோருள் இலக்கியம் மிகுதியாக அழைத்தது தாயை. ஈண்டு மரபின் சுமை மிகப் பெரிது. புறநானூற்றின் 279ஆம் பாடலில் ஒக்கூர் மாசாத்தியார் காட்டும் பெண், உறவினரையும் கணவனையும் அடுத்தடுத்த நாள்களில் போரில் இழந்தபின்னும், தன் ஒரே மகனை வேல் கொடுத்துக் களம் நோக்கி அனுப்புகிறாள். மேடைப் பேச்சிலும் பரப்புரைப் பாடலிலும் இந்த மறக்குடித் தாய் மீண்டும் மீண்டும் எழுப்பப்பட்டாள். பேராசிரியர் க. கைலாசபதி, 1974இல் யாழ்ப்பாண வளாகத்தின் முதல் தலைவராகப் பொறுப்பேற்றவர், 1968இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட தமது நூலில் புறப்பாடல்களைக் கிரேக்க, ஐரிஷ் வீரநிலைப் பாடல்களோடு ஒப்பிட்டு, வாய்மொழிப் பாணர் மரபின் விளைவாக விளக்கினார். ஒரு காலத்தின் சமூக அமைப்பு ஈன்ற விழுமியத்தை இன்னொரு காலத்துத் தாயின் நாவில் ஏற்றுதல் வரலாற்றுணர்வாகாது என்பதை அவ்வாய்விலிருந்து நாம் கற்றிருக்க வேண்டும்.

இப்பின்னணியிலேயே ரஞ்சகுமாரின் ‘கோசலை’ பெறும் இடம் விளங்கும். 1989இல் வெளிவந்த ‘மோகவாசல்’ தொகுதியில் உள்ள இச்சிறுகதையில் புதல்வர்கள் போராட்டத்துக்காக வீட்டை நீங்குகின்றனர். தாய் வேல் எடுத்துக் கொடுக்கவில்லை. அவளிடம் யாரும் கேட்கவுமில்லை. தலைப்பு இராமகாதையை நினைவூட்டுகிறது. ஆனால் காவியக் கோசலையிடம் மகன் விடைபெற்றுச் செல்கிறான். வனவாசத்துக்கு ஆண்டுக்கணக்கும் உண்டு. இத்தாய்க்கு அந்தக் கணக்கு இல்லை. அனுப்பிய தாய், காத்திருந்த தாய் என்னும் இரு மரபு வடிவங்களுக்கும் அப்பால் ‘கேட்கப்படாத தாய்’ என்ற மூன்றாவது வடிவத்தை ஈழத்துச் சிறுகதை இங்கு கண்டடைந்தது. கதையில் எவரும் குற்றஞ்சாட்டப்படவில்லை. கொள்கை விவாதமும் இல்லை. அதனாலேயே அது இரு தரப்பு முழக்கங்களையும் கடந்து நிற்கிறது.

நாடகத்தில் இப்பணியைத் தொடர்ந்து செய்தவர் குழந்தை ம. சண்முகலிங்கம். 1985இன் ‘மண் சுமந்த மேனியர்’ ஒரு சமூகத்தின் கூட்டுத் துயரைப் பேசியது. 1990களின் தொடக்கத்தில் எழுந்த ‘அன்னை இட்ட தீ’ போர் மனத்தில் உண்டாக்கும் வடுவை எடுத்துக்கொண்டது. அதே காலத்தில் வந்த ‘எந்தையும் தாயும்’ பிள்ளைகள் புலம்பெயர்ந்தபின் ஊரில் தனித்துவிடப்பட்ட முதியோரின் கதை. இவ்வரிசையை நோக்குமிடத்து ஆசிரியரின் பார்வை தெருவிலிருந்து முற்றத்துக்கும், முற்றத்திலிருந்து உள்ளறைக்கும் நகர்ந்தமை புலனாகும். போர் நீள நீள அதன் இடம் சுருங்கி உள்முகமாகிறது என்பதை எமது திறனாய்வுக்கு முன்னரே அரங்கு கண்டுகொண்டது.

கவிதையில் சு. வில்வரத்தினத்தின் ‘காற்றுவெளிக் கிராமம்’ (1995) தனித்துக் குறிப்பிடத்தக்கது. தீவகம் படையினர் வசமானபோது மக்கள் நீங்கிய புங்குடுதீவு அவர் பிறந்த ஊர். ஊரில் காற்று மட்டுமே குடியிருக்கிறது என்ற உணர்வைத் தலைப்பே தந்துவிடுகிறது. நெய்தல் நிலத்து இரங்கல் இங்கு மெய்யாகவே புதுப்பிக்கப்பட்டது. பழைய நெய்தலில் நிலம் நிற்க மனிதர் பிரிவர். இங்கோ எல்லா மனிதரும் பிரிய நிலமே இரங்குகிறது. பெண்கள் ஆய்வு வட்டம் 1986இல் வெளியிட்ட ‘சொல்லாத சேதிகள்’ தொகுதி தொடக்கி வைத்த பெண்குரல் இதற்கு மறுபுறத்தைச் சொன்னது. அவர்கள் கவிதையில் வீடு புகலிடமாக மட்டும் இருக்கவில்லை. போருக்கு முன்பே அங்கு ஓர் அடக்குமுறை இருந்தது; போர் அதற்குக் காவலும் போட்டது.

இத்தனை சிறப்புகளையும் ஏற்றுக்கொண்டபின் ஒரு கேள்வியைக் கேட்டே ஆகவேண்டும். இவ்வெழுத்துகளில் வரும் வீடு பெரும்பாலும் யாருடையது? கிணறும் பூவரசும் கிடுகுவேலியும் உள்ள, ஆசிரியரோ எழுதுவினைஞரோ வாழும் வளவு அது. கடலை நம்பி வாழ்ந்தவரின் வீடு எங்கே?

போருக்கு முன்னர் அவ்வீடு எமது இலக்கியத்தில் இருந்தது. மஹாகவியின் (1927–1971) ‘புதியதொரு வீடு’ கடலில் தொலைந்து இறந்ததாகக் கருதப்பட்டவன் திரும்பிவரும் நாடகம். செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ (1973) நெடுந்தீவுக் கரையில் வாடியமைத்து மீன்பிடிக்கும் மக்களின் கதை. இரண்டிலும் கடலே விதி; அங்கு அச்சம் தருவது காற்றும் அலையும்.

1980களில் கடலின் பொருள் மாறிற்று. 1985 மே 15இல் நெடுந்தீவிலிருந்து புறப்பட்ட குமுதினிப் படகில் இருபதுக்கும் மேற்பட்ட பயணிகள் வெட்டிக் கொல்லப்பட்டனர். 1986 ஜூன் 10இல் மண்டைதீவுக் கடலில் குருநகரைச் சேர்ந்த முப்பதுக்கும் மேற்பட்ட மீனவர் கொல்லப்பட்டனர். மீன்பிடித் தடை நாளாந்த உணவையே தடைசெய்தது. ஆனையிறவுப் பாதை மூடப்பட்டபின் கிளாலிப் பரவைக்கடலே குடாநாட்டின் வாசலாயிற்று. நோயாளரும் மாணவரும் வணிகரும் இருளில் படகேறினர். 1993 ஜனவரியில் அப்பயணத்திலும் மக்கள் கொல்லப்பட்டனர். கிளாலியைப் பற்றிப் பயணம் செய்தவர் எழுதியவை பல உள. இரவுக்கிரவு படகோட்டியவனின் மனைவி விடியும்வரை கரையில் என்ன நினைத்திருந்தாள் என்பதை எழுதியவை மிகச் சில. நெய்தலின் உண்மையான தலைவி அவளே. அவளை எமது புனைகதை தோணியின் பின்னணியாக மட்டும் விட்டுவிட்டது.

மயிலிட்டி இதற்குச் சான்று. 1990இல் மக்கள் வெளியேறிய அத்துறைமுகம் விடுவிக்கப்பட்டது 2017 ஜூலையில். இடைப்பட்ட 27 ஆண்டுகளில் கடற்றொழிலாளர் குடும்பங்கள் பல உள்நாட்டு முகாம்களில், கடலின் ஓசை கேளாத இடங்களில் வாழ்ந்தன. வலை பின்னத் தெரியாத ஒரு தலைமுறை அங்கு வளர்ந்தது. தொழிலோடு தொழிற்சொற்களும் மறைகின்றன என்பது இலக்கிய மாணவரைச் சுடவேண்டிய செய்தி. சாதியும் வர்க்கமும் போருக்கு அஞ்சி மறைந்துவிடவில்லை. எவர் எழுதினர், எவர் எழுதப்பட்டனர் என்பதையும் அவையே தீர்மானித்தன.

இன்னொரு மௌனம் இதனினும் கனமானது. 1995 ஒக்ரோபர் 30இல் நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் நாவற்குழிப் பாலத்தின் வழியே மழையில் நடந்த இரவை எமது கவிதையும் கதையும் மறக்கவில்லை, மறக்கவும் கூடாது. சரியாக ஐந்து ஆண்டுகளுக்கு முன்னர், 1990 ஒக்ரோபர் 30இல், யாழ்ப்பாண நகரின் முஸ்லிம் மக்கள் சில மணி நேர அவகாசத்தில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். வடமாகாணம் முழுவதிலுமிருந்து அவ்வாறு வெளியேறியோர் எழுபதினாயிரத்துக்கும் மேற்பட்டோர். சோனகதெரு வீடுகளும் ஒஸ்மானியாக் கல்லூரியும் இதே குடாநாட்டின் வீடுகளும் கல்லூரியுமே. இரண்டு நாள்களையும் ஒரே பக்கத்தில் வைத்து எழுதும் துணிவு ‘இடம்பெயர்வு இலக்கியம்’ என்று நாம் வகைப்படுத்தியுள்ள தொகுதியில் அருகியே காணப்படுகிறது.

அன்று அவ்வாறு எழுத இயலாதிருந்தது என்பர். அது முழு உண்மையே. ‘முறிந்த பனை’யின் ஆசிரியருள் ஒருவரும் இப்பல்கலைக்கழக உடற்கூற்றியல் விரிவுரையாளருமான ராஜினி திராணகம 1989 செப்டெம்பர் 21இல் சுட்டுக்கொல்லப்பட்டார். இங்கு நாடகமும் அரங்கியலும் பயின்ற கவிஞர் செல்வி 1991இல் புலிகளால் கைதுசெய்யப்பட்டு மீளாது போனார். ஒருபுறம் குண்டுவீச்சும் தணிக்கையும், மறுபுறம் துப்பாக்கியின் கண்காணிப்புமாக இருந்த சூழலில் எழுதாது விட்டோரைக் குறைகூற எமக்கு உரிமையில்லை. ஆயின் போர் முடிந்து பல்லாண்டுகள் கழிந்தபின்னும் அம்மௌனம் நீடிப்பின் அதற்கு அச்சம் மட்டும் காரணமாகாது.

இன்று போர்க்கால வாழ்வு பெருமிதக் கதையாக மாறிவருவதையும் கவனித்தல் வேண்டும். சிக்கன விளக்கும் சைக்கிள் டைனமோவும் ‘எமது திறமை’யின் சின்னங்களாகப் போற்றப்படுகின்றன. அத்திறமை மெய்யானது, அதை ஏளனம் செய்வார் எவரும் இலர். ஆனால் அவ்விளக்கொளியில் மருந்தின்றி இறந்த குழந்தையும் இருந்தது, அயல்வீடு வெறுமையாகியதும் தெரிந்தது. பாதியை மட்டும் காட்டும் விளக்கை இலக்கியம் ஏந்தக்கூடாது.

இப்போது எமது வகுப்பறைகளில் அமர்ந்திருப்போருள் பெரும்பாலோர் பதுங்குகுழியைக் கண்டிராதவர்கள். அவர்களுக்கு அக்காலம் நூலில் உள்ள காலம். ஆதலால் எந்த நூலைப் பாடமாக வைக்கிறோம், எந்தக் குரலைத் தொகுக்கிறோம் என்பது வெறும் பாடத்திட்ட வினா அன்று. எத்தகைய கடந்தகாலத்தை அவர்களிடம் ஒப்படைக்கிறோம் என்ற வினா. ‘கோசலை’யையும் ‘காற்றுவெளிக் கிராம’த்தையும் கற்பிப்போம். அவற்றோடு மயிலிட்டி முகாம்களில் முதுமையடைந்த பெண்களிடமும், சோனகதெருவுக்கு மீண்டவர்களிடமும் எமது மாணவர் சென்று கேட்டு எழுதட்டும். சொல்லக்கூடியவர்கள் ஆண்டுதோறும் குறைந்துகொண்டிருக்கிறார்கள். இவ்வேலைக்கு இன்னொரு தலைமுறை அவகாசம் இல்லை.