கதவைத் தள்ளினால் இன்னொரு தெரு!

அகமதாபாத் போய் வந்தேன் என்று யாராவது சொன்னால் போதும், அடுத்த நொடி நான் கேட்பேன்: “நடந்தீங்களா?” சபர்மதி ஆசிரமம் பார்த்தோம், ஆற்றங்கரையில் காற்று வாங்கினோம், டோக்ளா சாப்பிட்டோம் என்று அடுக்குவார்கள். எல்லாம் சரி, பழைய நகரத்துக்குள்ளே, காலை வெயில் ஏறுவதற்குள், ஊர்க்காரர் ஒருவர் பின்னாலேயே சந்து சந்தாக நடந்தீங்களா இல்லையா? இல்லையென்றால் தயவுசெய்து இன்னொரு டிக்கெட் போடுங்கள். நான் சொல்வதைக் கேளுங்கள். அந்த நடையை நடந்து வந்ததிலிருந்து எனக்கு வேறு பேச்சே வாயில் வரமாட்டேன் என்கிறது!

சபர்மதியின் கிழக்குக் கரையில் சுல்தான் அகமது ஷா 1411-ல் எழுப்பிய ஊர் இது. 2017-ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரிய நகரம் என்று அறிவித்தது. இந்தியாவில் அந்தப் பெருமையைப் பெற்ற முதல் நகரம் இதுதான். ஆனால் அதற்கு இருபது வருடம் முன்பே, 1997-லேயே, மாநகராட்சி இந்த நடையைத் தொடங்கிவிட்டது. காலுப்பூர் சுவாமிநாராயண் கோயிலில் புறப்பட்டு ஜாமா மசூதியில் முடிகிற நடை. கோயிலில் ஆரம்பித்து மசூதியில் முடிகிறது என்று கேட்டவுடனேயே எனக்குப் பிடித்துப் போய்விட்டது. வெறும் இரண்டரை மணி நேரம்தான், ஆனால் அதற்குள் அறுநூறு வருடத்தைக் காலால் மிதித்து வந்துவிடலாம்!

காலை எட்டு மணி என்று வைத்துக்கொள்ளுங்கள். கோயில் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே மணிச் சத்தம் காதில் விழுகிறது, சாமந்தி வாசனை மூக்கில் ஏறுகிறது, நிமிர்ந்தால் நான்கு பக்கமும் மரம், மரம், மரம்! தூண், தூணைத் தாங்கும் யானை, மேலே கிளி, அதற்கும் மேலே கொடி, எல்லாம் தேக்கில் செதுக்கி, கண்ணைப் பறிக்கும் சிவப்பும் பச்சையும் மஞ்சளும் பூசி வைத்திருக்கிறார்கள். 1822-ல் எழுந்த கோயில், சுவாமிநாராயண் மரபின் முதல் கோயில். இங்கேயே நின்றுவிடலாம் என்று தோன்றியது. வழிகாட்டி சிரித்துக்கொண்டே, “வாங்க, இன்னும் ஊருக்குள்ளேயே போகலையே” என்றார். பிரிய மனமில்லாமல், திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனேன்.

அப்புறம்தான் போள்! பழைய அகமதாபாத் முழுக்கப் போள்தான். ஒரு பெரிய மரக்கதவு, அதற்கு மேலே காவலுக்கு ஓர் அறை, உள்ளே நுழைந்தால் வளைந்து வளைந்து போகிற சந்துகள், இரண்டு பக்கமும் தோளோடு தோள் ஒட்டிய வீடுகள், நடுவில் ஒரு கோயில், ஒரு கிணறு, ஊர்ச் செய்தி எழுதும் கரும்பலகை. ஒரே சாதியினரோ ஒரே தொழில் செய்கிறவர்களோ சேர்ந்து வாழ்ந்த குட்டி ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள். முகலாயரும் மராட்டியரும் மோதிக்கொண்ட கலவர காலத்தில், ராத்திரி கதவைச் சாத்திவிட்டால் உள்ளே இருப்பவருக்குப் பயமில்லை. வெளியாள் எவனாவது நுழைந்துவிட்டாலும் திக்குத் தெரியாமல் சுற்றிச் சுற்றி மாட்டிக்கொள்ள வேண்டும் என்றே இந்தச் சந்துகளை இப்படி முறுக்கி வைத்திருக்கிறார்கள்! புரிகிறதா, ஏன் வழிகாட்டி வேண்டும் என்று? வெளியாளுக்குப் பிடிபடக் கூடாது என்றே பிறந்த ஊர் இது. எந்தக் கதவைத் தட்ட வேண்டும், எங்கே குனிய வேண்டும் என்று தெரிந்த ஒருவர் கூட்டிப்போனால்தான் அது உங்களிடம் வாய் திறக்கும்.

எங்களைக் கூட்டிப்போனவர் இப்படி ஒரு போளிலேயே பிறந்து வளர்ந்தவர். வழி நெடுக “கேம் சோ?”, “மஜாமா!” என்று குசலம் விசாரித்துக்கொண்டே நடக்கிறார். திண்ணையில் பட்டாணி உரித்துக்கொண்டிருந்த ஒரு பாட்டியை “பா, பா” என்று கூப்பிட்டு நலம் கேட்கிறார், பாட்டி எங்களைப் பார்த்து உட்காரச் சொல்கிறார். பல் தேய்த்துக்கொண்டு நிற்கிற மாமா, ஸ்கூல் பையை மாட்டிக்கொண்டு ஓடுகிற பிள்ளை, தாளிக்கிற கடுகு வெடிக்கும் சத்தம். நடுவே ஸ்கூட்டர்கள் ஹாரன் அடித்துக்கொண்டு உரசிப் போகும், போகட்டுமே! இது வாழ்ந்துகொண்டிருக்கிற ஊர். லம்பேஷ்வர் போளில் ஒரு வீட்டுத் திண்ணையில் பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார், கிட்டப் போய்ப் பார்த்தால் வெண்கலம்! 1820-ல் பிறந்து 1898-ல் மறைந்த குஜராத்திக் கவி தல்பத்ராம். கவிஞருக்குச் சிலை வைக்கும்போது நாற்சந்தியில் பீடம் கட்டி ஏற்றாமல், அவர் குடியிருந்த இடத்திலேயே அக்கம்பக்கத்தாரோடு உட்கார வைத்திருக்கிறார்களே, அந்த மனசை என்னவென்று சொல்வது! நானும் பக்கத்தில் போய் உட்கார்ந்துவிட்டேன், எழுந்திருக்கவே மனமில்லை.

தலையைத் தூக்குங்கள், சபூத்ரோ தெரியும். செதுக்கிய கம்பம், அதன் உச்சியில் கூரை போட்ட ஒரு மாடம், பறவைகளுக்குத் தானியம் வைப்பதற்கென்றே கட்டியது. ஒரு போள் அமைக்கும்போது ஆட்களுக்கு வீடு, சாமிக்குக் கோயில், புறாவுக்கும் கிளிக்கும் இது என்று கணக்குப் போட்டுக் கட்டியிருக்கிறார்கள். புறாக்கள் படபடவென்று எழும்பிய காற்று என் முகத்தில் அடித்தது, சின்னப் பிள்ளை மாதிரி கை தட்டிவிட்டேன்.

வீட்டுக்குள்ளே போனோம், அங்கே இன்னும் அதிசயம். நடுமுற்றத்துக்கு அடியில் தண்ணீர்த் தொட்டி இருக்கிறது! டாங்கா என்கிறார்கள். கூரையில் விழுகிற மழை குழாய் வழியாக நேரே கீழே இறங்கிவிடும். வெயில் படாமல், மூடியே கிடப்பதால் வருடம் முழுக்கக் குடிக்கலாம். நாம் நிற்கிற கல்லுக்குக் கீழே மழை இருக்கிறது, யோசித்துப் பாருங்கள்! சுவரும் வெறும் செங்கல் சுவர் கிடையாது. செங்கல்லுக்கு நடுவே மரச் சட்டங்களைக் கோத்துக் கட்டியிருக்கிறார்கள், பூமி குலுங்கினால் மரம் வளைந்து கொடுக்கும். 2001 குடியரசு தினத்தன்று குஜராத்தை உலுக்கிய நிலநடுக்கத்தில் இதே அகமதாபாத்தில் புது அடுக்குமாடிகள் சரிந்து விழுந்தன, இந்தக் கிழட்டு வீடுகளில் எத்தனையோ அசையாமல் நின்றன. அந்தச் சட்டத்தை ஒரு தரம் தடவிப் பார்த்தேன், மேனியெல்லாம் சிலிர்த்தது.

இப்போது கேளுங்கள், இதைச் சொல்லத்தான் இவ்வளவு நேரம் துடித்துக்கொண்டிருக்கிறேன்! சந்து முடிந்துவிட்டது, எதிரே சுவர், சுவரில் ஒரு சாதாரண வீட்டுக் கதவு, யாரோ தூங்கிக்கொண்டிருப்பார்கள் என்று நாங்கள் தயங்கி நிற்கிறோம், வழிகாட்டி பாட்டுக்கு அதைத் தள்ளித் திறக்கிறார், உள்ளே இருட்டு, ஆளுக்கு ஆள் முதுகைத் தொட்டுக்கொண்டு குனிந்து போகிறோம், சுண்ணாம்பு வாசனை, ஈரக் கல்லின் குளிர்ச்சி, ஒரு திருப்பம், இன்னொரு திருப்பம், திடீரென்று கண் கூசுகிற வெளிச்சம், பார்த்தால் நாங்கள் வேறொரு போளுக்குள்ளே நிற்கிறோம், வேறு கோயில், வேறு மனிதர்கள், வேறு சமையல் வாசனை! ரகசிய வழி! ஆபத்து வந்தால் ஒரு போளிலிருந்து இன்னொன்றுக்குத் தப்பிப் போக முன்னோர்கள் வைத்த வழி! எனக்கு உடம்பெல்லாம் பரபரத்தது, இன்னொரு முறை போகலாமா என்று வாய்விட்டே கேட்டேன், கூட வந்தவர்களும் “ஆமாம், ஆமாம்” என்றார்கள், அந்த மனிதர் முகம் சுளிக்காமல் எங்களைத் திருப்பிக் கூட்டிப்போய் மறுபடி அழைத்து வந்தார். எனக்குக் குதிக்க வேண்டும் போல் இருந்தது, குதித்தும்விட்டேன்!

அதற்குப் பிறகு எந்தக் கதவைப் பார்த்தாலும் நெஞ்சு அடித்துக்கொள்கிறது. ஏனென்றால் இந்த ஊர் தன் சாமிகளையும் இப்படித்தான் பத்திரப்படுத்தியிருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் இன்னொரு வீடு, உள்ளே கால் வைத்தால் சமணக் கோயில்! தோஷிவாடா போளில் அஷ்டாபத்ஜி தேராசரின் சலவைக்கல் குளுமை உள்ளங்காலிலிருந்து மேலே ஏறுகிறது. ஹாஜா படேல் போளில் சாந்திநாத்ஜி கோயிலின் மர வேலைப்பாட்டை அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலித்தது, வலிக்கட்டும். அதே போளில் காலா ராம்ஜி, கறுப்புக் கல்லில் உட்கார்ந்த கோலத்தில் ராமர். வில்லோடு நிற்கிற ராமரையே பார்த்துப் பழகிய எனக்கு, அவர் அப்படி உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் கண் கலங்கிவிட்டது.

மாணேக் சௌக் வந்ததும் சத்தம் வந்து மோதுகிறது. காலையில் காய்கறியும் மாட்டுத் தீவனமும், பகலில் தங்கமும் வெள்ளியும், ராத்திரியில் ஊரே கூடித் தின்கிற சாப்பாட்டுக் கடைகள் என்று ஒரே சதுக்கம் மூன்று வேஷம் போடுகிறது. 1894-ல் தொடங்கிய அகமதாபாத் பங்குச் சந்தையின் பழைய கட்டடம் இங்கேதான் நிற்கிறது. பம்பாய்க்கு அடுத்து நாட்டிலேயே பழைய சந்தை அதுதான். வழியில் ஹர்குன்வர் சேட்டாணியின் ஹவேலி, அதாவது மாளிகை. பால்கனியைத் தாங்கும் மரச் சிற்பங்களைப் பார்க்கப் பார்க்க ஆசை அடங்கவில்லை. கணவர் தொடங்கிவிட்டு இறந்துபோன ஹத்தீசிங் சமணக் கோயிலை 1848-ல் முடித்துக் காட்டிய அம்மாள் அவர். பக்கத்துத் தெருவில் சுடச்சுட ஃபாஃப்டா, கூடவே பாகு சொட்டுகிற ஜிலேபி. கடலைமாவுப் பட்டை நொறுங்குகிறது, பச்சை மிளகாய் சுரீரென்கிறது, ஜிலேபி வந்து ஆற்றுகிறது. அடடா!

அந்தக் கூச்சலிலிருந்து சில படிகள் ஏறி ஒரு வாசலைத் தாண்டினால், வானம்! காலையிலிருந்து சந்து சந்தாகக் கீற்றாய்த் தெரிந்த வானம் முழுசாகத் திறந்துகொள்கிறது, நடுவே தண்ணீர்த் தொட்டி, சுற்றிலும் மஞ்சள் மணற்கல், எதிரே 1424-ல் கட்டிய ஜாமா மசூதி, உள்ளே 260 தூண்கள், ஒன்றின் பின் ஒன்றாக, எந்தப் பக்கம் திரும்பினாலும் தூண், மேலே குமிழ் குமிழாகக் கூரை, 1819 நிலநடுக்கத்தில் மினார்கள் சரிந்துபோனாலும் அடிப்பாகங்கள் பெரிய வளைவின் இரண்டு பக்கமும் அத்தனை கம்பீரமாக நிற்கின்றன, அவற்றின் சிற்பத்தைக் கிட்டப் போய்ப் பார்க்கிறேன், கொடிகளும் பூக்களும், கோயில்களில் நான் காலையிலிருந்து பார்த்துவந்த அதே கை! ஆமாம், உள்ளூர்க் கோயில் சிற்பிகளின் உளிதான் சுல்தானின் மசூதியையும் செதுக்கியது. கோயிலில் தொடங்கிய நடை ஏன் இங்கே முடிகிறது என்று அந்தத் தூணில் கை வைத்துக்கொண்டு நிற்கும்போது எனக்கு விளங்கியது. ஒரே ஊர், ஒரே கை!

போங்கள், இந்தக் குளிர்காலத்திலேயே போங்கள். எளிதில் கழற்றி மாட்டுகிற செருப்பு போட்டுக்கொள்ளுங்கள், காலைப் பலகாரத்தை அங்கே வைத்துக்கொள்ளுங்கள், தனியாக மட்டும் நுழையாதீர்கள், ஊர்க்காரர் பின்னாலேயே போங்கள். என் அடுத்த திட்டம் தயார்: ஜனவரி 14, உத்தராயணம், போள் மொட்டை மாடிகளெல்லாம் நிரம்பி வழிய ஊர் முழுக்கப் பட்டம் விடும் நாள். மாடி ஒன்றை வாடகைக்குத் தருகிறார்களாம், விசாரித்துவிட்டேன். யார் யார் வருகிறீர்கள், சீக்கிரம் சொல்லுங்கள்!